சுலோஜனாவின் பேரில் ஓடிய ஸ்கூட்டி

அன்புவழிபுரத்தில் சுலோஜனாவோடு கொளுவினால் அது லேசில் தீராது என்று எல்லாருக்கும் தெரியும். ஒருமுறை மீன்காரன் ஒருவன் முதல் நாள் பாரையை அன்றைக்குப் பிடித்தது என்று சொல்லி அவள் தலையில் கட்டிவிட்டான். அவள் சண்டைக்குப் போகவில்லை. அடுத்த நாளிலிருந்து அவன் ஒழுங்கைக்குள் வரும்போதெல்லாம் வாசல் படலையடியில் போய் நின்று, மீன் வாங்க வருகிற பெண்களிடம், "செவுளைப் பிரிச்சுப் பாத்திட்டு வாங்குங்கோ" என்று மட்டும் சொன்னாள். எட்டு மாதம் சொன்னாள். ஒன்பதாம் மாதம் அவன் வேறு ஒழுங்கைக்குப் போய்விட்டான்.

புருசன் குணரத்தினம் இதற்கு நேர் எதிர். துறைமுகத்தில் கப்பல் வந்து கட்டும்போது கயிறு பிடிக்கிற வேலை அவனுக்கு. யாராவது காலை மிதித்தால், மிதித்தவன் வாயைத் திறக்க முதலே "பறவாயில்லை" என்று சொல்லிவிடுகிற ஆள். இந்த இரண்டு பேரையும் ஒரு கூரைக்குக் கீழே கொண்டுவந்து வைத்த கடவுளும் பெரிய பகிடிக்காரன்தான்.

சுலோஜனாவுக்குத் தொழில், உப்புவெளிக் கடற்கரையோர விடுதிகளின் கட்டில் விரிப்பும் துவாயும் தோய்ப்பது. பன்னிரண்டு வருசமாகக் கிணற்றடிக் கல்லில் அடித்து அடித்து, சலவைச் சோடாத் தண்ணியில் அவளுடைய விரல் நுனிகள் ரேகை தேய்ந்து மினுங்கிக் கிடந்தன. வெயிலில் படுத்தெழும்பும் வெள்ளைக்காரர் பூசுகிற எண்ணெய், கொழும்புப் பொடியன்கள் ஊற்றிவிடுகிற நண்டுக் கறி, எதுவாக இருந்தாலும் அவளுடைய கொடியில் காயும்போது வெள்ளை வெள்ளையாகத்தான் இருக்கும்.

அந்த வெள்ளையைப் பார்த்துத்தான் சிவகுருநாதன் வந்தார். நாற்பது அறையோடு புதிதாகத் திறக்கப்போகிற ஹோட்டலின் முகாமையாளர். கொடியில் கிடந்த ஒரு விரிப்பைப் பிடித்து விரலுக்கிடையில் தேய்த்துப் பார்த்துவிட்டு, "தங்கச்சி, கையால இவ்வளவும் ஏலாது. தோய்க்கிற மெஷின் ஒண்டும் காய வைக்கிற மெஷின் ஒண்டும் போடுங்கோ. சித்திரைக்கு முதல் போட்டீங்கள் எண்டால் எங்கட முழுத் துணியும் உங்களுக்குத்தான்" என்றார்.

அன்றிரவு சுலோஜனா நித்திரை கொள்ளவில்லை. விடிந்ததும் நல்ல சீலை ஒன்றை உடுத்திக்கொண்டு, டவுனில் மெஷினுக்குக் கடன் கொடுக்கிற நிறுவனத்துக்குப் போனாள். அங்கே இருந்த இன்பாஸ் மரியாதையான ஆள். கதிரை போட்டான், விண்ணப்பம் நிரப்பினான், கொம்பியூட்டரில் எதையோ தட்டினான். பிறகு அவன் முகம் கொஞ்சம் சுருங்கியது.

"அக்கா, கிறிப் சரியில்லையே."

கிறிப் என்றால் என்னவென்று அவன்தான் விளங்கப்படுத்தினான். யார் எங்கே கடன் எடுத்தார், ஒழுங்காகக் கட்டினாரா, கட்டாமல் விட்டாரா என்று நாட்டில் கடன் கொடுக்கிற எல்லாரும் எட்டிப் பார்க்கிற அறிக்கை அது. சுலோஜனாவின் அறிக்கையில், ஒன்றரை வருசத்துக்கு முதல் அவள் ஒரு ஸ்கூட்டி எடுத்திருந்தாள். நாலு தவணை கட்டாமலும் விட்டிருந்தாள்.

"தம்பி, எனக்குச் சைக்கிளே ஓடத் தெரியாது" என்றாள் அவள்.

"எனக்கு விளங்குது அக்கா. ஆனா இத வெச்சிக்கிட்டு மேல அனுப்ப ஏலாது."

"என்ர பேரில என்ன எழுதிக் கிடக்கெண்டு நான் பாக்கேலாதோ?"

பார்க்கலாம் என்றான். உங்கள் அறிக்கையை நீங்களே கேட்டு எடுக்கலாம், பிழை இருந்தால் முறைப்பாடும் கொடுக்கலாம் என்று வழியும் சொல்லிக் கொடுத்தான். அறிக்கை வந்தது. அதில் ஸ்கூட்டிக்குக் காசு கொடுத்த கொம்பனியின் பெயர் இருந்தது. அதே டவுனில், இன்பாஸின் அலுவலகத்திலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கிற கொம்பனி.

அங்கே போய் நின்று, "என்ர கடனை எனக்குக் காட்டுங்கோ" என்றாள். முதலில் ஏலாது என்றார்கள். மூன்று நாள் காலையில் கதவு திறக்கும் நேரத்துக்கு அவள் வாசலில் நின்றாள். நாலாம் நாள் அந்தக் கடனின் தாள்கள் இருந்த கோவையைத் தூக்கி மேசையில் போட்டார்கள். உள்ளே அவளுடைய அடையாள அட்டையின் போட்டோக் கொப்பி இருந்தது. முகம் இருக்க வேண்டிய இடத்தில் கரி அப்பிக் கிடந்தது. யாருடைய முகமென்றும் சொல்லலாம் அதை. விலாசம் வேறு, தொலைபேசி இலக்கம் வேறு, கையெழுத்து மட்டும் அவளுடையதைப் பார்த்து எழுதியது. கொப்பியின் வலது மூலையில் நீலப் பேனையால் 37 என்று எழுதியிருந்தது.

அந்த முப்பத்தேழைக் கண்டதும் சுலோஜனாவுக்குக் காது இரண்டும் சுட்டது. அது அவளே எழுதினது.

இந்த இடத்தில் எங்களுடைய சனத்தின் ஒரு விசித்திரத்தைச் சொல்ல வேண்டும். அடையாள அட்டையை நாங்கள் உயிரைப்போல வைத்திருந்தவர்கள். சண்டைக் காலத்தில் வீட்டை விட்டு வெளிக்கிட்டால் செருப்பை மறக்கலாம், அட்டையை மறக்க ஏலாது. சோதனைச் சாவடியில் அது இல்லாவிட்டால் வீடு திரும்புவது நிச்சயமில்லை. சுலோஜனா இன்றைக்கும் குளிக்கப் போகும்போதுகூட அட்டையை யன்னலில் கண்ணுக்குத் தெரிய வைத்துவிட்டுத்தான் போவாள். ஆனால் அதே அட்டையின் கொப்பி? அது துண்டுப் பிரசுரம் மாதிரி. சுனாமிக் கடல் வந்து அடித்த பிறகு, உதவி தருகிறோம் என்று லிஸ்டோடு ஒவ்வொருவராக வந்தார்கள். தகர லிஸ்ட், பாய் லிஸ்ட், தையல் மெஷின் லிஸ்ட். "ஐடென்ரி கொப்பி ரெண்டு தாங்கோ" என்பார்கள். கொடுக்காதவளுக்குத் தகரம் வராது. ஆகையால் வீட்டுக்கு வீடு அலுமாரிக்குள் ஒரு பொலித்தீன் பையில் இருபது முப்பது கொப்பி எடுத்து ஆயத்தமாக வைத்திருப்பார்கள். லிஸ்ட் கொண்டுவருகிறவர் யார், எங்கிருந்து வருகிறார் என்று கேட்டால், கேட்டவளின் பெயர் விடுபட்டுப் போகும் என்று பயம். அட்டையைத் தலையணைக்குக் கீழேயும் கொப்பியை ஊர் முழுக்கவும் வைத்துக்கொண்டு பத்திரமாக இருக்கிறோம் என்று நினைத்த புத்திசாலிகள் நாங்கள்.

முப்பத்தேழு, கோழிக்குஞ்சு லிஸ்டில் அவளுடைய இலக்கம். அந்த லிஸ்டைக் கொண்டுவந்தவள் லக்சனா. அடுத்த ஒழுங்கைக்காரி, மாதர் சங்கத்தில் எழுத்து வேலை பார்க்கிறவள், சிரித்த முகம். "அக்கா, ஆளுக்குப் பதினைஞ்சு குஞ்சு. இலக்கத்தை நீங்களே மூலையில எழுதுங்கோ" என்று சொல்லி, குசினியில் இருந்து புட்டும் சாப்பிட்டுவிட்டுப் போனாள். குணரத்தினம் கோழிக்கூடும் அடித்து வைத்தான். குஞ்சு வரவேயில்லை. அந்தக் கூட்டுக்குள் இப்போது சோப்புத் தூள் வாளிகள் இருக்கின்றன.

அதைவிடக் கொடுமை, லக்சனா ஒன்றரை வருசமாக ஒரு சிவப்பு ஸ்கூட்டி ஓடுகிறாள். அவளுடைய தமையன் வெளிநாட்டிலிருந்து காசு அனுப்பி எடுத்துக் கொடுத்தது என்று ஊருக்குக் கதை. சுலோஜனா அதில் எத்தனையோ தரம் ஏறியிருக்கிறாள். சந்தைக்குப் போகும்போது மறித்து, "ஏறுங்கோ அக்கா" என்பாள். தன்னுடைய கடனின் முதுகில் ஏறி இருந்துகொண்டு, இறக்கிவிட்டவளுக்கு நன்றியும் சொன்ன மடைச்சி உலகத்தில் தான் ஒருத்திதான் என்று நினைத்தபோது, அவளுக்கு அழுகை வரவில்லை. பல்லைக் கடித்த கடியில் தாடைதான் நொந்தது.

பொலிஸுக்குப் போனாள். அங்கிருந்த சார்ஜன்ட் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்ன கதை அவளுக்குப் பிடிக்கவில்லை, ஆனால் பிழையென்றும் சொல்ல முடியவில்லை. "வண்டி உங்கட பேரில. கையெழுத்தும் உங்கடை மாதிரிக் கிடக்கு. அந்தப் பிள்ளையைப் பிடிச்சுக் கேட்டால், அக்காதான் எடுத்து எனக்கு ஓடத் தந்தவ எண்டு சொல்லுவா. நான்தான் சுலோஜனா எண்டு அவ சொன்னதை ஆர் கேட்டது?"

"அப்ப அவள் அப்பிடிச் சொல்லேக்க பிடிக்க வேணும்" என்றாள் சுலோஜனா.

"ஓம். சொன்னால்."

அவள் வீட்டுக்கு வந்து, மாணவர் கொப்பியிலிருந்து கோடு போட்ட தாள் கிழித்து ஒரு கடிதம் எழுதினாள். என்னுடைய கடன் அறிக்கையை என்னைக் கேட்காமல் ஒருவரும் திறந்து பார்க்கக்கூடாது. என் பேரில் யாராவது கடன் கேட்டு வந்தால், கீழே உள்ள இலக்கத்துக்கு எடுத்து என் குரலைக் கேட்க வேண்டும், அட்டையைக் கையில் வாங்கிப் பார்க்க வேண்டும். இதை மீறிக் கொடுக்கிற கடனுக்கும் எனக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. பதினாலு பிரதி எழுதினாள். கிறிப் அலுவலகத்துக்கு முறைப்பாட்டோடு ஒன்று பதிவுத் தபாலில் போனது. மீதியைத் தானே கொண்டு போய், திருகோணமலையிலும் கிண்ணியாவிலும் உள்ள ஒவ்வொரு கொம்பனியிலும் கொடுத்து, வாங்கினதற்குச் சீல் குத்தித் தரும் வரைக்கும் கதிரையை விட்டு எழும்பாமல் இருந்தாள். "இப்பிடி ஒரு முறை இல்லையே அம்மா" என்றார்கள். "இல்லாட்டி இண்டைக்குத் தொடங்குங்கோ" என்றாள்.

இன்பாஸ்தான் பயந்தான். "அக்கா, எல்லா இடத்திலயும் இப்பிடிப் பூட்டுப் போட்டா, முறைப்பாடு முடியுமட்டும் உங்களுக்கும் ஒருத்தரும் கடன் தரமாட்டாங்க. சித்திரையும் வருது."

"அவளுக்கும் கிடைக்காதுதானே?"

"கிடைக்காது."

"அப்ப சீல் குத்துங்கோ."

கிண்ணியாவில் அஸ்மியா என்று ஒரு பெண் மட்டும்தான் கடிதத்தை முழுதாக வாசித்தாள். வாசித்து முடித்துவிட்டு, அதை இழுப்பறைக்குள் போடாமல், மேசைக் கண்ணாடிக்குக் கீழே வைத்தாள். "எங்கட சாச்சிக்கும், உம்மாட தங்கச்சிக்கு, இப்பிடித்தான் நடந்தது" என்றாள். சுலோஜனா திரும்ப உட்கார்ந்து அவளோடு அரை மணித்தியாலம் கதைத்தாள். அன்றைக்குத்தான் பொறி வைக்கப்பட்டது.

அதற்குப் பிறகு நடந்ததைச் சாதாரண மனிசர் செய்யமாட்டார்கள். சுலோஜனா லக்சனாவோடு முன்னரைவிட அன்பாகப் பழகினாள். மறித்தால் ஏறினாள், இடுப்பைப் பிடித்துக்கொண்டு இருந்தாள், இறங்கி நன்றி சொன்னாள். கடனென்றாலே தனக்குப் பயம், வாழ்நாளில் ஒரு கொம்பனி வாசற்படி மிதித்ததில்லை என்று சொல்லி வைத்தாள். பிறகு ஒரு நாள், சந்தையடியில் இறங்கும்போது, போகிற போக்கில் சொன்ன மாதிரி, "கிண்ணியாவில ஒரு இடத்தில பொம்பிளையளுக்கு லேசாக் கடன் குடுக்கினமாம். கொப்பி ஒண்டு போதுமாம். காலம் எப்பிடி மாறிப்போச்சு பாத்தியே" என்றாள். லக்சனா கொம்பனியின் பேர் என்னவென்று மட்டும் கேட்டாள்.

குணரத்தினம் மனுசியைப் பார்த்துப் பயப்படத் தொடங்கினான். "விடப்பா. பாவம், ஏதோ கஷ்டத்தில செய்திருப்பாள். கூப்பிட்டுக் கேப்பம், கட்டச் சொல்லுவம்" என்றான்.

"கயித்தை விட்டுப் பிடிக்கிறது உங்கட தொழில். நான் விடமாட்டன்" என்றாள் அவள்.

பங்குனி மாதம் இரண்டாம் கிழமை, கைநிறையச் சோப்பு நுரையோடு நிற்கும்போது தொலைபேசி அடித்தது. அஸ்மியா. குரலைத் தாழ்த்திக் கதைத்தாள்.

"அக்கா, நீங்க இப்ப எங்க இரிக்கீங்க?"

"வீட்டில."

"இல்ல. இங்க என்ர மேசைக்கு முன்னால இரிக்கீங்க. ஃபிரிட்ஜும் டிவியும் எடுக்க வந்திரிக்கீங்க."

சுலோஜனா ஈரக் கையைச் சட்டையில் துடைத்தாள். "பிள்ளை, எனக்கு ஒரு தேத்தண்ணி குடுத்து வையுங்கோ. நான் வாறன்."

ஓட்டோக்காரனிடம் பாலத்தில் மட்டும் மெதுவாகப் போ, மற்ற இடமெல்லாம் பற என்றாள். வழியில் அந்தச் சார்ஜன்டுக்கு எடுத்தாள், அவர் கிண்ணியாவில் யாரையோ பிடித்துச் சொன்னார். அஸ்மியா அங்கே கொம்பியூட்டர் ஓடவில்லை என்று சொல்லி இரண்டாவது தேத்தண்ணியும் ஒரு துண்டு கேக்கும் கொடுத்து வைத்திருந்தாள்.

கதவைத் திறந்து உள்ளே போனபோது லக்சனா முதுகைக் காட்டிக்கொண்டிருந்தாள். மேசையில் வளையத்தில் கோத்த ஸ்கூட்டித் திறப்பும் கொப்பியும் கிடந்தன. சிவில் உடுப்பில் ஒரு பொலிஸ்காரர் பக்கத்துக் கதிரையில் முறைக்குக் காத்திருப்பவர்போல இருந்தார். அஸ்மியா நிமிர்ந்து சுலோஜனாவைப் பார்த்துவிட்டு, ஒன்றும் நடக்காததுபோலக் கேட்டாள். "எல்லாத்தையும் ஒருக்காச் சத்தமாச் சொல்லுங்க அக்கா, சரி பாக்கணும். முழுப் பேர்?"

லக்சனா சொன்னாள். சுலோஜனா குணரத்தினம் என்றாள். அப்பாவின் பெயர் சொன்னாள். பிறந்த திகதி சொன்னாள். அட்டை இலக்கத்தை ஒரு தடக்கலும் இல்லாமல், கடைசி எழுத்து வரைக்கும் ஒப்புவித்தாள். சுலோஜனா சுவரோடு சாய்ந்து நின்று முழுவதையும் கேட்டாள். அந்த அரை நிமிசம் அவளுக்கு இனித்தது. அதை மறைக்க அவள் முயற்சிக்கவும் இல்லை.

"என்ன தொழில் செய்றீங்க?"

"உடுப்புத் தோய்க்கிறன்."

"அப்ப கையைக் காட்டு பாப்பம்" என்றாள் சுலோஜனா.

லக்சனா திரும்பிப் பார்த்தாள். அவளுடைய முகத்திலிருந்து இரத்தம் இறங்கிப் போனதை அஸ்மியா பிறகு பல பேருக்குச் சொன்னாள். நகத்துக்குப் பூச்சுப் பூசின அந்தக் கை மேசையில் அப்படியே கிடந்தது. சுலோஜனா அதற்குப் பக்கத்தில் கிடந்த திறப்பை எடுத்துத் தன் பேர்சுக்குள் போட்டாள்.

பொலிஸ் நிலையத்தில் பின்னேரம் வரைக்கும் இழுபட்டது. லக்சனாவின் ஊரிலிருக்கிற மற்றத் தமையன் ஓடி வந்தான், குணரத்தினம் வந்தான், சமாதானம் சொல்ல இன்பாஸும் வந்தான். லக்சனா அழுதாள். அவளுடைய சொந்தப் பேரில் எங்கும் கடன் எடுக்க முடியாதபடி கிறிப் முதலே கெட்டுப் போயிருந்ததாம். தமையன் முழுவதையும் இன்றைக்கே கட்டுகிறேன் என்றான். பொறுப்பதிகாரி, இரண்டு பகுதியும் கையெழுத்து வைத்தால் பெரிதாக்காமல் முடிக்கலாம் என்றார். இன்பாஸ் சுலோஜனாவை யன்னலடிக்குக் கூட்டிக்கொண்டு போனான்.

"அக்கா, கோவிக்காமக் கேளுங்க. இண்டைக்குச் சமாதானமாப் போனா ரெண்டு கிழமையில உங்கட பேர் துப்புரவு. சித்திரைக்கு முதல் மெஷின் ரெண்டையும் நான் இறக்கித் தாறன். வழக்கெண்டு போனா, அது முடியுமட்டும் அந்த ஸ்கூட்டி உங்கட பேர்லதான் கிடக்கும். வருசக் கணக்காகும்."

சுலோஜனா யோசித்தாள். யோசிக்கவில்லை என்று சொன்னால் பொய். மெஷின் வைக்க வேண்டிய இடத்துக்குச் சீமெந்து போட்டாயிற்று. கைக்கும் வயது போய்க்கொண்டிருக்கிறது. அவள் மேசைக்குத் திரும்பி வந்து பேனையை எடுத்தாள். குணரத்தினத்துக்கு மூச்சு வந்தது. லக்சனாவும் அதைக் கண்டு, மூக்கைத் துடைத்துக்கொண்டு, பழைய சிரிப்பில் பாதியைச் சிரித்தாள்.

"நான் உங்கட அட்டையைக் களவெடுக்கேல்லையே அக்கா. ஒரு கொப்பிதானே" என்றாள்.

சுலோஜனா பேனையை மூடினாள்.

"ஐயா, நான் வழக்குப் போடுறன்" என்றாள் பொறுப்பதிகாரியிடம். "அவள் என்ர பேரைச் சொன்னதில இருந்து எழுதுங்கோ. ஆறுதலா எழுதுங்கோ. எனக்கு ஒரு அவசரமும் இல்லை."

இன்பாஸ் தலையில் கை வைத்தான். குணரத்தினம் வாயைத் திறந்தான். அவள் திரும்பிப் பார்த்த பார்வையில் அது அப்படியே மூடிக்கொண்டது.

சித்திரைக்கு இரண்டு நாளுக்கு முதல் சிவகுருநாதன் தொலைபேசி எடுத்து, மனவருத்தத்தோடு, துணியெல்லாம் கந்தளாயில் மெஷின் போட்ட ஒருவருக்குக் கொடுத்தாயிற்று என்று சொன்னார். சுலோஜனா சரி ஐயா என்றாள். மறுநாள் லக்சனாவை இன்னும் பதினாலு நாள் விளக்கமறியல் சிறையில் வைக்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவு போட்டது. அதைக் கேட்டுவிட்டு வந்து சீலையை மாற்றி, பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கிணற்றடிக்குப் போனாள் சுலோஜனா. விடுதித் துணி ஒரு மலைக்குக் கிடந்தது. ஒவ்வொன்றாக எடுத்துக் கல்லில் ஓங்கி ஓங்கி அடித்தாள். அடிக்கிற சத்தம் அடுத்த ஒழுங்கைக்குக் கேட்டது. கேட்க வேண்டுமென்றுதான் அடித்தாள். மூன்றாவது விரிப்பு நடுவால் கிழிந்து போனது. பன்னிரண்டு வருசத்தில் அவள் கிழித்த முதல் விரிப்பு. விடுதிக்காரனுக்கு அதன் விலையைக் கொண்டு போய்க் கொடுத்தாள், சந்தோஷமாகத்தான் கொடுத்தாள்.